பச்சைச் சிறுநீர் சொன்ன சாட்சி: ஒரு வயிற்றுப்போக்கு மாத்திரையின் வரலாறு

உங்கள் வீட்டில் அறுபது வயதைத் தாண்டியவர்கள் இருந்தால் இந்தப் பெயர்களைச் சொல்லிப் பாருங்கள்: என்டெரோ-வயோஃபார்ம், மெக்ஸாஃபார்ம், என்டெரோகுவினால். ஏதாவது ஒன்றுக்காவது "ஆமா, வயித்தால போனா போடுற மாத்திரை" என்று பதில் வர வாய்ப்பு உண்டு. மூன்றிலும் இருந்த முக்கியமான சரக்கு ஒன்றுதான். அதன் பெயர் கிளியோகுவினால்.

இந்த ஒரே சரக்கு ஜப்பானில் 11,000-க்கும் அதிகமானவர்களின் நரம்புகளைப் பாதித்தது. பலருக்கு நடை போனது, சிலருக்குப் பார்வை போனது. மருந்தால் வந்த பேரழிவுகள் என்றால் தாலிடோமைடு பற்றி எல்லோரும் பேசுவார்கள். அளவில் அதற்குச் சளைக்காத இந்தக் கதையைத் தமிழில் அதிகம் பேர் பேசி நான் பார்த்ததில்லை. நான் மருத்துவன் கிடையாது, மென்பொருள் எழுதிப் பிழைப்பவன். மருந்துகளின் வரலாற்றைத் தேடிப் படிப்பது ஒரு பழக்கம், அவ்வளவுதான். அந்த அளவில் இதைப் படியுங்கள்.

குடலோடு போய்விடும் என்ற நம்பிக்கை

கிளியோகுவினால் முதலில் வயிற்று மருந்தே கிடையாது. 1900-ஐ ஒட்டி ஸ்விட்சர்லாந்தின் பாசெல் நகரில், பின்னாளில் சிபா என்று பெயர் பெற்ற ரசாயனக் கம்பெனி இதை 'வயோஃபார்ம்' என்று புண்ணில் தூவும் பொடியாகக் கொண்டுவந்தது. அப்போது புண்ணுக்கு அயோடோஃபார்ம் பொடி போடுவார்கள், அதன் நாற்றம் தாங்காது. அதற்கு மாற்றாக வந்ததுதான் இது.

வெளியே கிருமியைக் கொல்வது குடலுக்குள்ளும் கொல்லாதா என்ற யோசனை 1930களில் வந்தது. கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தில் அமீபா சீதபேதிக்கு இதைச் சோதித்துப் பார்த்தார்கள், பலன் தெரிந்தது. 1934-ல் சிபா இதை வாய்வழி மாத்திரையாக, என்டெரோ-வயோஃபார்ம் என்ற பெயரில் விற்க ஆரம்பித்தது.

இது ஏன் பெரிய விஷயம் என்று புரிய நம்ம நாட்டு நிலைமையைப் பார்க்க வேண்டும். அமீபா சீதபேதிக்கு அதுவரை இருந்த சிறந்த மருந்து எமெட்டின் ஊசி. 1912-ல் கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் லெனார்ட் ரோஜர்ஸ் அதைப் பயன்படுத்திக் காட்டினார். உயிரைக் காப்பாற்றும் ஊசிதான், ஆனால் இதயத்தைப் பதம் பார்க்கும். ஊசி போட்டவரைப் படுக்கவைத்து நாடி பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். அதற்குப் பக்கத்தில், வீட்டிலேயே தண்ணீரோடு விழுங்கக்கூடிய ஒரு மாத்திரை எவ்வளவு சாதுவாகத் தெரிந்திருக்கும்!

அந்தச் சாதுத்தன்மைக்கு ஒரு காரணமும் சொல்லப்பட்டது: "இது ரத்தத்தில் சேராது. குடலில் வேலையை முடித்துவிட்டு மலத்தோடு வெளியே போய்விடும்." இந்த ஒரு வாக்கியத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அடுத்து வரும் எல்லாமே இதன்மேல்தான் நிற்கிறது. உடம்புக்குள் சேராத மருந்து உடம்பைக் கெடுக்க முடியாது. ஆகவே எத்தனை நாள் போட்டாலும் பரவாயில்லை. ஆகவே அமீபா இருக்கிறதா என்று பார்க்காமலேயே, எந்த வயிற்றுப்போக்குக்கும் கொடுக்கலாம். ஐரோப்பாவிலிருந்து இந்தியாவுக்கும் கிழக்கு நாடுகளுக்கும் வந்த பயணிகள் நோயே வராமல் இருக்க இதைத் தினமும் விழுங்கினார்கள்.

முன்பே அடித்த மணிகள்

நம்பிக்கையை அசைக்கும் தகவல்கள் சீக்கிரமே வந்தன. மாத்திரை சந்தைக்கு வந்த மறு வருஷமே, 1935-ல், அர்ஜென்டினாவில் கிராவிட்ஸ், பாரோஸ் என்ற இரு மருத்துவர்கள் இதைச் சாப்பிட்டவர்களிடம் நரம்புக் கோளாறுகளைக் கண்டு எழுதினார்கள். கலிஃபோர்னியாவில் இந்த மருந்தை முதலில் ஆராய்ந்தவர்களில் ஒருவரான டேவிட் என்பவரே 1940களின் நடுவில், இதை அமீபாவுக்கு மட்டும், அதுவும் குறுகிய காலத்துக்கு மட்டும் கொடுக்க வேண்டும் என்று எச்சரித்தார்.

1960களில் ஒரு விசித்திரம் நடந்தது. ஐரோப்பாவில் வயிற்றுப்போக்கு வந்த வளர்ப்பு நாய்களுக்கு இந்த மாத்திரையைக் கொடுத்தார்கள். சில நாய்களுக்கு வலிப்பு வந்தது, சில செத்தன. நாய்களுக்குக் கொடுக்காதீர்கள் என்று கால்நடை மருத்துவர்களுக்கு எச்சரிக்கை போனது. மனிதர்களுக்கான விற்பனை அப்படியே தொடர்ந்தது.

1966-ல் ஸ்வீடனில் ஓலே ஹான்சன் என்ற குழந்தை மருத்துவரும் கண் மருத்துவரான பெர்க்ரனும் லான்செட் இதழுக்கு எழுதினார்கள். நீண்ட காலம் கிளியோகுவினால் கொடுக்கப்பட்ட ஒரு சிறுவனுக்குப் பார்வை நரம்பு கருகிப்போனதைப் பற்றி. 1968-ல் அதே இருவரும் இன்னொரு ஆய்வை வெளியிட்டார்கள்: இந்த மருந்து குடலிலிருந்து உடம்புக்குள் உறிஞ்சப்படுகிறது.

அதாவது, "ரத்தத்தில் சேராது" என்ற வாக்கியம் தவறு என்பது அச்சில் வந்துவிட்டது. ஸ்வீடன் டாக்டர்கள் அச்சில் சொன்ன சேதி டோக்கியோ டாக்டரின் மேசைக்குப் போய்ச் சேரவில்லை.

ஜப்பானில் ஒரு புதிய தொற்று

ஜப்பானில் 1950களின் நடுவிலிருந்தே ஒரு புது நோய் தலைகாட்டியது. முதலில் வயிற்று வலி, பேதி. சில நாளிலோ வாரத்திலோ பாதங்களில் மரத்துப்போகும் உணர்வு, ஊசி குத்துவது மாதிரி. அது மெல்ல முழங்கால், தொடை, இடுப்பு என்று மேலேறும். கால் வலுவிழக்கும். சிலருக்குக் கண் மங்கும், கடைசியில் பார்வையே போகும்.

1964-ல் டோக்கியோவுக்குப் பக்கத்தில் தோதா என்ற ஊரில் நோயாளிகள் கொத்தாகத் தோன்றினார்கள். அந்த வருஷம் டோக்கியோ ஒலிம்பிக். படகுப் போட்டி நடக்க இருந்ததே தோதாவில்தான். நாடு முழுக்கப் பரபரப்பு. அதே வருஷம் நோய்க்குப் பெயரும் வைத்தார்கள்: தண்டுவடம், பார்வை நரம்பு, கை கால் நரம்பு மூன்றையும் தாக்குவதால் சப்அக்யூட் மயலோ-ஆப்டிகோ-நியூரோபதி, சுருக்கமாக ஸ்மான்.

எல்லோரும் இதைத் தொற்றுநோய் என்றே நினைத்தார்கள். நினைத்ததற்கு நியாயமும் இருந்தது. ஒரே ஊரில் பலருக்கு வருகிறது. ஒரே குடும்பத்தில் இருவருக்கு வருகிறது. ஒரே மருத்துவமனையில் அடுத்தடுத்த படுக்கைகளில் வருகிறது. பேதியோடு ஆரம்பிக்கிறது. வைரஸ் என்று சொல்ல இதைவிட என்ன வேண்டும்? 1969-ல் அரசு அமைத்த ஆராய்ச்சிக் குழுவுக்குத் தலைமை ஏற்ற ரெய்சாகு கோனோவும் ஒரு வைரஸ் நிபுணர்தான். 1970 தொடக்கத்தில் கியோட்டோ பல்கலைக்கழகத்தின் இனோவே என்ற ஆய்வாளர் ஸ்மான் வைரஸைக் கண்டுபிடித்துவிட்டதாக அறிவிக்க, செய்தித்தாள்கள் அதைப் பெரிதாகப் போட்டன.

அந்தச் செய்தி நோயாளிகளை என்ன செய்தது என்பதுதான் இந்தக் கதையில் என்னை அதிகம் உலுக்கிய பகுதி. கால் விளங்காமல் கிடந்தவர்கள் ஒரே நாளில் "ஒட்டுவாரொட்டி" ஆனார்கள். அண்டை வீட்டார் ஒதுக்கினார்கள், வேலை போனது. தன் பிள்ளைக்கும் தொற்றிவிடுமோ என்ற பயத்தில் தற்கொலை செய்துகொண்டவர்கள் பலர். கொரோனா காலத்தில் தெருவை அடைத்துத் தகரம் அடித்ததைப் பார்த்த நமக்கு இதைக் கற்பனை செய்வது கஷ்டமில்லை.

இன்னொரு பக்கம், நோயாளிகளுக்கு என்ன சிகிச்சை கொடுத்தார்கள்? வயிற்று வலியும் பேதியும் இருக்கிறதே, அதற்குக் கிளியோகுவினால்! மருந்து வயிற்று வலியைக் கிளப்பும். வலிக்கிறது என்று நோயாளி சொல்வார். டாக்டர் அளவைக் கூட்டுவார். இப்படியே வாரக்கணக்கில், சிலருக்கு மாதக்கணக்கில் ஓடியது. கொத்துக் கொத்தாக நோய் தோன்றியதன் ரகசியமும் இதுதான். ஒரே ஊர்க்காரர்கள் ஒரே டாக்டரிடம் போனார்கள், அவர் எல்லோருக்கும் ஒரே மருந்தை எழுதினார். தொற்றியது கிருமி அல்ல, மருந்துச் சீட்டு.

பச்சை

நோயாளிகள் சிலருக்கு நாக்கில் பச்சையாகப் படிவதை 1960களிலேயே டாக்டர்கள் கவனித்திருந்தார்கள். மலமும் பச்சையாகப் போனது. இதைப் பற்றி யாரும் ரொம்ப யோசிக்கவில்லை. வாயும் குடலும்தானே, எதையாவது சாப்பிட்டிருப்பார்கள்.

1970 மே மாதத்தையொட்டி டோக்கியோ பல்கலைக்கழக நரம்பியல் மருத்துவர் இகாதா, ஸ்மான் நோயாளிகளின் சிறுநீரும் பச்சையாக இருப்பதைக் கவனித்தார். மாதிரிகள் அங்கேயே மருந்தியல் துறையில் இருந்த தமுரா, யோஷியோகா ஆகியோரிடம் போயின. அவர்கள் பிரித்துப் பார்த்தபோது, அந்தப் பச்சை நிறம் கிளியோகுவினாலும் இரும்பும் சேர்ந்த ஒரு கூட்டுப்பொருள் என்று தெரிந்தது. சிறுநீரில் கிளியோகுவினாலே படிகமாகக் கிடைத்தது.

இப்போது அந்தப் பழைய வாக்கியத்துக்குத் திரும்புவோம். "ரத்தத்தில் சேராது, மலத்தோடு போய்விடும்." மலத்தில் பச்சை இருந்தால் அந்த வாக்கியத்துக்கு ஒரு பாதகமும் இல்லை. ஆனால் சிறுநீரில்? ஒரு பொருள் சிறுநீருக்கு வர வேண்டுமானால் அது ரத்தத்தில் கலந்து, உடம்பெல்லாம் சுற்றி, சிறுநீரகம் வழியாக வடிந்துதான் வர வேண்டும். வேறு பாதையே கிடையாது. முப்பத்தைந்து வருஷ நம்பிக்கையை ஒரு பாட்டில் சிறுநீர் உடைத்துவிட்டது.

இதைக் கேள்விப்பட்ட நிகாதா பல்கலைக்கழகப் பேராசிரியர் தாதாவோ சுபாகிக்குப் பொறி தட்டியது. அதற்கு முன் 1965-ல் நிகாதா பகுதியில் மீன் வழியாகப் பாதரசம் மனிதர்களைத் தாக்கிய மினமாத்தா நோயை அடையாளம் கண்டவர் அவர். நரம்பு நோய் என்றால் நஞ்சாகவும் இருக்கலாம் என்று யோசிக்கப் பழகிய மனிதர். ஏழு மருத்துவமனைகளில் 171 ஸ்மான் நோயாளிகளின் பழைய மருந்துக் குறிப்புகளைப் புரட்டினார்கள். 166 பேர் நரம்புத் தொந்தரவு ஆரம்பிப்பதற்கு முன்பே கிளியோகுவினால் சாப்பிட்டிருந்தார்கள்.

எங்கள் தொழிலில் ஓடிக்கொண்டிருந்த நிரல் திடீரென்று படுத்துவிட்டால் கேட்கும் முதல் கேள்வி, "கடைசியா என்ன மாத்தினீங்க?" என்பது. விடை பெரும்பாலும் பதிவேட்டில் எழுதியே இருக்கும். ஜப்பானிலும் எழுதியே இருந்தது, ஒவ்வொரு நோயாளியின் சீட்டிலும், டாக்டரின் கையெழுத்திலேயே. மருந்து என்பது நோய்க்குப் பிறகு வருவது என்று மனசுக்குள் ஒரு வரிசை பதிந்துவிட்டதால், அந்தப் பக்கம் யாரும் தேடவில்லை.

1970 செப்டம்பர் 8-ம் தேதி ஜப்பான் அரசு கிளியோகுவினால் விற்பனையை நிறுத்தியது. 1969-ல் மட்டும் 2,000-க்கு மேல் புது நோயாளிகள் வந்திருந்தார்கள். 1971-ல் அந்த எண்ணிக்கை சில பத்துகளாகச் சுருங்கியது, அதன் பிறகு நோயே காணாமல் போனது. தடைக்குக் கொஞ்சம் முன்பே எண்ணிக்கை இறங்கத் தொடங்கிவிட்டது என்று எதிர்வாதம் செய்தவர்களும் உண்டு. ஆனால் ததேஷி என்ற ஆய்வாளர் நாய்களுக்கும் பூனைகளுக்கும் இந்த மருந்தைக் கொடுத்து, ஸ்மான் நோயாளிகளின் தண்டுவடத்தில் கண்ட அதே சிதைவை உண்டாக்கிக் காட்டினார். வைரஸ் வாதம் மெல்ல மங்கியது.

மன்னிப்பும் நஷ்ட ஈடும்

1971-ல் முதல் வழக்கு. எதிர்த்தரப்பில் சிபா-கைகியின் ஜப்பான் கிளை, தக்கேதா, தனாபே ஆகிய கம்பெனிகள், கூடவே ஜப்பான் அரசு. அரசு ஏன்? 1936-ல் கிளியோகுவினாலைக் கடுமையான மருந்துகள் பட்டியலில் வைத்திருந்த அரசே 1939-ல், போர்க்கால ராணுவத் தேவைக்காக, அதை அந்தப் பட்டியலிலிருந்து நீக்கியிருந்தது. போர் முடிந்த பிறகும் பழைய கட்டுப்பாடு திரும்ப வரவில்லை. நூற்றுக்கும் மேற்பட்ட மருந்துகளில் இந்தச் சரக்கு புகுந்தது.

1976-ல் சிபா-கைகி எழுத்து மூலம் மன்னிப்புக் கேட்டது. 1978 ஆகஸ்ட் 3-ல் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம் கம்பெனிகளும் அரசும் பொறுப்பு என்று தீர்ப்பளித்தது. 1979-ல் சமரச ஒப்பந்தம், 6,000-க்கும் மேற்பட்டவர்களுக்கு நஷ்ட ஈடு. அதே 1979-ல் ஜப்பான் இன்னொன்றும் செய்தது. சரியாகக் கொடுத்த மருந்தாலேயே ஒருவருக்குக் கடுமையான பக்கவிளைவு வந்தால், யார் தப்பு என்று வழக்காடாமல் உதவி கிடைக்கும்படி ஒரு நிவாரண நிதிக்குச் சட்டம் போட்டது. மருந்துக் கம்பெனிகள் பணம் கட்டும் நிதி. அது இன்றும் நடக்கிறது.

அமெரிக்காவில் 1970களின் தொடக்கத்தில் மாத்திரை நின்றது. மற்ற நாடுகளில் தொடர்ந்தது. ஸ்வீடனின் ஹான்சன் விடவில்லை. ஜப்பானுக்குப் போய்ச் சாட்சி சொன்னார், சிபா-கைகி மருந்துகளையே எழுத மாட்டோம் என்று ஸ்வீடன் டாக்டர்கள் புறக்கணிக்கும் அளவுக்கு இயக்கம் நடத்தினார். 1982-ல் கம்பெனி உலகம் முழுக்க வாய்வழி கிளியோகுவினாலைப் படிப்படியாக நிறுத்தப்போவதாக அறிவித்தது. 1985-ல் நிறுத்தியது. புற்றுநோயால் ஹான்சன் காலமானதும் அதே 1985-ல்தான்.

சரி, நம்ம நாட்டில்?

இங்கேதான் கேள்வி சுவாரஸ்யமாகிறது. ஜப்பானைப் போலவே இந்தியாவிலும் வீட்டுக்கு வீடு இந்த மாத்திரை இருந்தது. சிபாவின் சரக்கும் கிடைத்தது, கல்கத்தா ஈஸ்ட் இந்தியா ஃபார்மசூட்டிகல் வொர்க்ஸின் என்டெரோகுவினாலும் கிடைத்தது. பின்னே ஏன் இங்கே 10,000 பேர் முடங்கியதாகச் செய்தி இல்லை?

பம்பாயின் புகழ்பெற்ற நரம்பியல் மருத்துவர் நோஷிர் வாடியா இந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டார். ஜப்பானின் நோய் பம்பாயிலிருந்து பார்த்தால் எப்படித் தெரிகிறது என்று 1977-லும் 1984-லும் கட்டுரைகள் எழுதினார். என் வாசிப்பில் மூன்று காரணங்கள் முக்கியமாகத் தோன்றுகின்றன.

முதலாவது, அளவும் நாளும். ஜப்பானில் 1961-ல் எல்லோருக்கும் மருத்துவக் காப்பீடு வந்துவிட்டது. மருந்தை எழுதும் டாக்டரே மருந்தைக் கொடுத்து அதில் லாபமும் பார்க்கும் வழக்கம் இருந்தது. ஆகவே அதிக அளவு, அதிக நாள். இங்கே நம்மாட்கள் கைக்காசு போட்டு நாலு மாத்திரை வாங்குவார்கள், பேதி நின்றதும் மீதியை அலமாரியில் வைத்துவிடுவார்கள். வறுமை ஒருவகையில் கவசமாக இருந்திருக்கிறது.

இரண்டாவது, இங்கே கால் மரத்துப்போவதற்கு ஏகப்பட்ட காரணங்கள் உண்டு. சர்க்கரை நோய், பி12 குறைபாடு, தொழுநோய், காசநோய் மருந்து, சாராயம். கால் எரிகிறது என்று வருபவரிடம் ஆறு மாசத்துக்கு முன் போட்ட வயிற்று மாத்திரையைப் பற்றி யார் கேட்டிருப்பார்கள்?

மூன்றாவது, எண்ணிப் பார்க்க ஆள் இல்லை. ஜப்பானில் 171 நோயாளிகளின் சீட்டுகள் ஏழு மருத்துவமனைகளில் பத்திரமாக இருந்தன, அதனால் 166 என்ற எண் கிடைத்தது. நம்ம சீட்டு எங்கே இருக்கும்? மளிகைக் கணக்கு எழுதிய தாளோடு பழைய பேப்பர் கடைக்குப் போயிருக்கும்.

எண்ணப்படாததை நடக்காதது என்று எடுத்துக்கொள்ள முடியாது. அதற்கு மேல் ஊகிக்க நான் தயாராக இல்லை.

சட்டப் பக்கத்தில், 1982-ல் மருந்துகள் சட்டத்தைத் திருத்தி 26ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். ஆபத்தான மருந்தை நாடு முழுக்கத் தடை செய்யும் அதிகாரம் மத்திய அரசுக்கு வந்தது அதன் வழியாகத்தான். இதன் கீழ் வந்த தடைப் பட்டியலில் கிளியோகுவினால் சார்ந்த ஹைட்ராக்ஸிகுவினலின் வகையை மற்ற மருந்துகளோடு கலந்த கலவைகள், சில விதிவிலக்குகளோடு, இடம்பெற்றன. இந்த மாத்திரையை வீட்டு அலமாரியிலிருந்து உண்மையில் ஓரங்கட்டியது வேறு இரண்டு விஷயங்கள். ஒன்று, 1960களில் அமீபாவுக்கு மெட்ரோனிடசோல் வந்தது. இன்னொன்று, உப்பு சர்க்கரைக் கரைசல். 1971-ல் வங்கதேச அகதிகள் குவிந்த பன்காவ் முகாமில் காலராவுக்கு டாக்டர் திலீப் மஹலனாபிஸ் குடிக்கும் கரைசலைக் கொடுத்துச் சாவை 3.6 சதவீதமாகக் குறைத்துக் காட்டினார். பேதியில் ஆளைக் கொல்வது நீரிழப்பு, அதைச் சரிசெய்தாலே பெரும்பாலும் போதும் என்பது அப்போதுதான் பலமாக நிறுவப்பட்டது.

கிளியோகுவினால் முழுசாக மறைந்துவிடவில்லை. உங்கள் வீட்டில் பெட்னோவேட்-சி களிம்பு இருந்தால் டியூபைத் திருப்பிப் பாருங்கள், பெயர் இருக்கும். அது 1900-ல் ஆரம்பித்த இடத்துக்கே, தோலுக்கே, திரும்பிவிட்டது. களிம்பைத் தோலில் கொஞ்ச நாள் தடவுவதும், மாத்திரையை வாரக்கணக்கில் விழுங்குவதும் ஒன்றல்ல என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

பதினொரு வருஷ இடைவெளி

இதெல்லாம் பழைய கதை என்று தோன்றினால், சிசாப்ரைடு என்ற மருந்தைப் பாருங்கள். நெஞ்செரிச்சலுக்கும், சாப்பாடு கீழே இறங்காமல் வயிறு உப்புவதற்கும் 1990களில் பரவலாக எழுதப்பட்டது. குழந்தைகளுக்கும் கொடுத்தார்கள். இது இதயத்தின் மின்துடிப்பை நீட்டித்துவிடும். எரித்ரோமைசின் மாதிரி சில சாதாரண மருந்துகளோடு சேர்ந்தால் உடம்பில் அதன் அளவு ஏறி, துடிப்பு தாறுமாறாகி, ஆள் சுருண்டு விழலாம். 1999 முடியும்வரை அமெரிக்காவுக்கு வந்த புகார்கள் 341, அவற்றில் 80 மரணங்கள். 2000-ல் அங்கே பொது விற்பனையை நிறுத்தினார்கள். கனடாவில் அதே 2000 மார்ச்சில் வனெஸா யங் என்ற 15 வயதுப் பெண் இந்த மருந்தைச் சாப்பிட்டு இறந்தாள். அவள் அப்பா டெரன்ஸ் யங் நாடாளுமன்ற உறுப்பினராகி, 2014-ல் அவள் பெயராலேயே ஒரு மருந்துப் பாதுகாப்புச் சட்டம் வரப் பாடுபட்டார்.

இந்திய அரசிதழில் சிசாப்ரைடு தடை வந்த தேதி 2011 பிப்ரவரி 10.

இடையே பதினொரு வருஷம். 1970-ல் டோக்கியோ சேதி கப்பலில் வந்தது என்று வைத்துக்கொள்ளலாம். 2000-ல் இணையம் இருந்தது. தகவல் இருப்பது வேறு, அதை யாராவது எடுத்துக் கையெழுத்துப் போடுவது வேறு.

இன்றைக்கு நம்ம கையில் இருக்கும் மாத்திரை

எங்கள் ஆரம்பாக்கம் தமிழ்நாட்டின் வடக்கு ஓரம். கொல்கத்தா நெடுஞ்சாலையில் கொஞ்ச தூரம் போனால் ஆந்திராவின் தடா. கும்மிடிப்பூண்டி சிப்காட்டிலும் எல்லைக்கு அந்தப் பக்கம் இருக்கும் தொழிற்சாலைகளிலும் ஷிப்ட் வேலை பார்ப்பவர்கள் இங்கே ஏராளம். நைட் ஷிப்ட், நேரங்கெட்ட சாப்பாடு, முதுகு வலிக்கு ஒரு வலி மாத்திரை, அது வயிற்றைக் கெடுக்காமல் இருக்க ஒரு கேஸ் மாத்திரை. "ஒரு பேன் கொடுங்கண்ணா" என்று கேட்டு வாங்குவார்கள். பேன் என்றால் பான்டோபிரசோல். சீட்டு இருந்தால்தான் கொடுக்க வேண்டிய மருந்து, நடைமுறை நீங்கள் அறிந்ததே.

நியாயமாகச் சொன்னால் இது நல்ல மருந்து. குடல் புண்ணால் ரத்தம் கக்கி ஆபரேஷனுக்குப் போன காலத்தை முடிவுக்குக் கொண்டுவந்ததில் இந்த வகை மருந்துகளுக்குப் பெரிய பங்கு உண்டு. இதைக் கிளியோகுவினாலோடு சமமாக வைக்க முடியாது. ஆனால் பழக்கத்தில் ஓர் ஒற்றுமை இருக்கிறது. பெரும்பாலான தொந்தரவுகளுக்கு நாலு முதல் எட்டு வாரம் என்று ஆரம்பித்த மருந்து, பலருக்கு வருஷக்கணக்கில் ஓடுகிறது. எழுதிய டாக்டர் யார், எதற்காக எழுதினார் என்பதே மறந்துபோயிருக்கும்.

நீண்ட காலம் போட்டால் ரத்தத்தில் மக்னீசியம் குறையலாம் என்று 2011-ல் அமெரிக்கக் கட்டுப்பாட்டு அமைப்பு எச்சரித்தது. எலும்பு முறிவு, குடல் தொற்று, சிறுநீரக அழற்சி ஆகியவையும் எச்சரிக்கைப் பட்டியலில் உண்டு. இவை அரிதானவை, சிலவற்றில் மருந்துதான் காரணமா என்று விவாதமும் நடக்கிறது. எனக்கு முக்கியமாகப் படுவது பி12. உணவிலிருந்து பி12-ஐப் பிரித்தெடுக்க வயிற்று அமிலம் வேண்டும். 2013-ல் அமெரிக்காவில் வந்த ஒரு பெரிய ஆய்வில், இரண்டு வருஷத்துக்கு மேல் இந்த வகை மாத்திரை எடுத்தவர்களிடம் பி12 குறைபாடு காணப்படும் வாய்ப்பு சுமார் 65 சதவீதம் கூடுதலாக இருந்தது. சர்க்கரைக்குப் போடும் மெட்ஃபார்மினும் பி12-ஐக் குறைக்கக்கூடியது. மாமிசம் தொடாதவர் இரண்டையும் சேர்த்து வருஷக்கணக்கில் போட்டால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள்.

பி12 குறைந்தால் வரும் முதல் அறிகுறிகளில் ஒன்று என்ன தெரியுமா? பாதத்தில் மரத்துப்போகும் உணர்வு, ஊசி குத்துவது மாதிரி. தோதாவில் ஆரம்பித்த அதே இடம். "சர்க்கரையால வருது" என்று நாமே முடிவுகட்டிவிடுவோம், மாத்திரை வரிசை அப்படியே தொடரும். நல்லவேளை, இதை ஒரு ரத்தப் பரிசோதனையில் கண்டுபிடித்துவிடலாம், சீக்கிரம் பார்த்தால் சரிசெய்யவும் முடியும்.

இதைப் படித்துவிட்டு யாரும் நாளைக்கே மாத்திரையைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். இதய அடைப்புக்கு ரத்தம் இளக்கும் மாத்திரை எடுப்பவர்களுக்கு, தொடர்ந்து வலி மாத்திரை தேவைப்படுபவர்களுக்கு, புண் வந்து ரத்தம் கசிந்தவர்களுக்கு இது அவசியமாக இருக்கலாம். திடீரென்று நிறுத்தினால் அமிலம் இன்னும் அதிகமாகச் சுரந்து படுத்தும். செய்ய வேண்டியது இவ்வளவுதான். போடும் மாத்திரைகள் எல்லாவற்றையும், கடையில் நாமாக வாங்கியது உட்பட, ஒரு தாளில் எழுதுங்கள். எப்போதிலிருந்து என்ற மாசமும் வருஷமும் எழுதுங்கள். அடுத்த முறை டாக்டரிடம் போகும்போது அந்தத் தாளை நீட்டி, "இது இன்னும் வேணுமா டாக்டர்?" என்று கேளுங்கள்.

பக்கவிளைவு என்று சந்தேகம் வந்தால் சொல்வதற்கு இப்போது ஓர் இடமும் இருக்கிறது. 2010-ல் ஆரம்பித்த இந்திய மருந்துக் கண்காணிப்புத் திட்டத்தைக் காசியாபாத்தில் உள்ள இந்திய ஃபார்மகோபியா கமிஷன் நடத்துகிறது. பல மருத்துவக் கல்லூரிகளில் அதற்கு மையங்கள் உண்டு. கட்டணமில்லாத் தொலைபேசி எண் 1800-180-3024. டாக்டர்தான் சொல்ல வேண்டும் என்றில்லை, நோயாளியும் நேரடியாகச் சொல்லலாம். நீங்கள் சொல்லும் ஒரு புகாரை வைத்து யாரும் மருந்தைத் தடை செய்துவிட மாட்டார்கள். ஆனால் என்றாவது ஒருநாள் யாரோ ஓர் ஆய்வாளர் 171 பேரின் குறிப்புகளைத் தேடி உட்காரும்போது, அதில் உங்களுடையதும் இருக்கும்.